துபாசி வெறும் மொழிபெயர்ப்பாளரா?

"ஆனந்தரங்கப் பிள்ளை, டியூப்ளேயின் மொழிபெயர்ப்பாளர்." பிரெஞ்சுக்காரர் காலத்துப் புதுச்சேரி பற்றி எதைப் படித்தாலும் இந்த வரி வந்துவிடுகிறது. தவறான வரி. அவர் புதுச்சேரியின் பிரெஞ்சு ஆளுநர் டியூப்ளேயிடம் துபாசியாக இருந்தவர்.

துபாசியின் வேர் வடமொழி: துவி இரண்டு, பாஷா மொழி. இருமொழி தெரிந்தவர். ஆனால் வேர் வேறு, வேலை வேறு.

ரங்கப் பிள்ளைக்கு முன்பே அந்தப் பதவியில் இருந்தவர் அவருடைய உறவினர் நயினியப்பப் பிள்ளை. அவருக்குப் பிரெஞ்சு தெரியாது. அதிகாரிகளிடம் போர்த்துகீசிய மொழியில்தான் பேசினார். பிரெஞ்சுக் கம்பெனி அவரை அழைத்த பெயர் 'கூர்த்தியே', அதாவது தரகர். துணி வணிகர்களிடம் பேசிச் சரக்கு பிடிப்பது, பணம் புரட்டுவது, ஊர் வழக்குகளில் தலையிடுவது எல்லாம் அவர் கையில் இருந்தன. 1716-ல் ஆளுநர் எபேர் அவரைக் கைது செய்தபோது சாட்டிய குற்றங்கள் கொடுங்கோன்மையும் கலகமும். மொழிபெயர்ப்பாளர் மேல் யாராவது இப்படிக் குற்றம் சாட்டுவார்களா? கசையடி பட்டு, சொத்தெல்லாம் பறிபோய், 1717-ல் சிறையிலேயே இறந்தார். பிறகுதான் அந்தத் தீர்ப்பு ரத்தானது.

1746-ல் துபாசியாக இருந்த கனகராய முதலியார் இறந்ததும் அந்தப் பதவிக்கு நடந்த போட்டியையும் பாருங்கள். அவர் கிறிஸ்தவர், ரங்கப் பிள்ளை இந்து. அடுத்து யார் என்பதில் மதமும் டியூப்ளேயின் மனைவியும் புகுந்தார்கள். வெறும் மொழிபெயர்ப்பு வேலைக்கா இத்தனை பாடு?

சரி, தனித்தமிழில் 'இருமொழியாளர்' என்கிறார்களே? எனக்கும் தனித்தமிழ் மேல் பற்று உண்டு. ஆனால் இது பழைய வேரையே தமிழில் பெயர்த்து வைத்த சொல். இரண்டு மொழி தெரிந்த பள்ளிப் பிள்ளையும் இருமொழியாளர்தான். அதில் கம்பெனி இல்லை, கடன் இல்லை, ஆளுநரின் கோபமும் இல்லை. ஆளவந்தவர் உள்ளூர்க்காரரை எந்த அளவுக்கு நம்பிக் கிடந்தார் என்பதை அந்தச் சொல் மறைத்துவிடுகிறது. ஆங்கில நூலில் 'இன்டர்பிரட்டர்' என்று இருந்தால் அகராதியைப் பார்த்துத் தமிழாக்கிவிட்டு நகரும் பழக்கமும் இதற்குக் காரணம்.

'தரகர்' பொருளில் நெருங்கி வருகிறது. ஆனால் இன்று அந்தச் சொல்லைக் கேட்டால் வீட்டுத் தரகரும் கல்யாணத் தரகரும்தான் நினைவுக்கு வருவார்கள். ஆகவே துபாசி என்றே எழுதுவோம். 'ஷி' வேண்டாம், 'சி' போதும். முதல் இடத்தில் மட்டும் 'கம்பெனியின் தலைமைத் தரகர்' என்று விளக்கம் சேர்த்தால் வாசகருக்குப் புரிந்துவிடும்.