கார்ட் ஷீட்டில் அச்சாகாத தொகையறா

ஜாஸ் பியானோ படிக்க என்னிடம் வருகிறவர்களில் பாதிப் பேர் முதல் நாளே 'ஆல் த திங்ஸ் யூ ஆர்' வாசித்துக் காட்டுவார்கள். எதிரே போனில் கார்ட் (chord) ஷீட் ஓடும்; அதாவது பாட்டின் கார்டுகளை, சேர்ந்து ஒலிக்கும் ஸ்வரக் கொத்துகளை, மட்டும் வரிசையாக எழுதிய தாள். இடது கை கார்டைப் பிடிக்க, வலது கை ஸ்கேலில் (ஸ்வர வரிசையில்) ஏறி இறங்கும். போன மாதம் ஒரு பையன் இப்படியே ஐந்து நிமிடம் விடாமல் வாசித்தான். "பாட்டைப் பாடிக் காட்டுப்பா" என்றேன். "இதுக்குப் பாட்டு வேற இருக்கா சார்?" என்றான்.

இருக்கிறது. 1939 நவம்பரில் நியூயார்க் ஆல்வின் தியேட்டரில் அரங்கேறிய 'வெரி வார்ம் ஃபார் மே' இசை நாடகத்துக்காக ஜெரோம் கெர்ன் மெட்டமைத்து, ஆஸ்கர் ஹாமர்ஸ்டைன் எழுதிய காதல் பாட்டு அது. நாடகம் 59 காட்சிகளோடு மூட்டை கட்டியது. பிராட்வேக்கு கெர்ன் இசையமைத்த கடைசி நாடகமும் அதுதான். பாட்டு மட்டும் தப்பியது. ஆர்ட்டி ஷா, டாமி டோர்ஸி போன்ற பேண்ட்காரர்கள் அதைச் சுடச்சுட ரெக்கார்ட் செய்துவிட்டார்கள்.

அடுத்து பீபாப் என்ற வேகமான புதுப்பாணி ஜாஸ்காரர்கள் கையில் சிக்கியது. 1945 பிப்ரவரியில் ட்ரம்பெட்காரர் டிஸ்ஸி கில்லெஸ்பியும் சாக்ஸஃபோன்காரர் சார்லி பார்க்கரும் ரெக்கார்ட் செய்தபோது முன்னால் ஒரு முகப்பிசை சேர்த்தார்கள். இன்றைக்கும் கூடி வாசிக்கும் ஜாம் செஷனில் அதைத்தான் வாசிக்கிறார்கள். கெர்ன் போட்டது என்றே பலர் நம்புகிறார்கள். கெர்ன் உண்மையில் போட்ட முன்பகுதி வேறு. நம்மூர் தொகையறா மாதிரி, பல்லவிக்கு முன் வரும் சில வரிகள். கார்ட் ஷீட்டில் அது பெரும்பாலும் இருக்காது. 1947-ல் பார்க்கர் மெட்டையே கழற்றி வைத்துவிட்டு, கார்டுகளின் மேல் வாசித்ததற்கு 'பேர்ட் ஆஃப் பாரடைஸ்' என்று பெயர் வைத்தார். மெட்டுக்கும் வரிக்கும்தான் காப்புரிமை. கார்டு வரிசைக்குப் பொதுவாகக் கிடையாது.

பார்க்கர் மெட்டை விட்டது, அதைக் கரைத்துக் குடித்த பிறகு. நாம் கார்டிலேயே ஆரம்பித்தால் எதைத் தவறவிடுகிறோம் என்பதற்கு ஒரே ஒரு இடம் சொல்கிறேன்.

மொத்தம் 36 பார் (பார் என்றால் நம் தாள ஆவர்த்தனம் மாதிரி). முதல் எட்டு பாரின் மெட்டு, இரண்டாவது எட்டில் ஒரு 'ஃபோர்த்' (ம-விலிருந்து ஸ வரையான தூரம்) கீழே இறங்கி அப்படியே திரும்ப வரும். நடுப்பகுதி ஜி மேஜர் சுருதியில் தொடங்கி ஈ மேஜரில் போய் நிற்கும். அங்கிருந்து ஆரம்பத்தின் எஃப் மைனர் கார்டுக்கு எப்படித் திரும்புவது? காகிதத்தில் இரண்டும் ஒட்டாது. ஈ மேஜரில் பாடகர் நீட்டிப் பிடிப்பது ஜி ஷார்ப். கீழே கார்டு மாறிக்கொண்டே போகும், குரல் அசையாது. எஃப் மைனர் வந்ததும் அதே ஸ்வரம் ஏ ஃப்ளாட் ஆகிவிடும். பியானோவில் அதே கறுப்புக் கட்டைதான், பெயர்தான் வேறு. பாடிப் பார்த்தவனுக்கு அந்த இடத்தில் சிலிர்க்கும். ஷீட்டை மட்டும் பார்த்தவனுக்கு அது அடுத்தடுத்த மூன்று கார்டு.

ஜாஸ் பாடகி எல்லா ஃபிட்ஸ்ஜெரால்ட் 1963-ல் கெர்ன் பாட்டுகளுக்கென்றே ஓர் ஆல்பம் பாடியிருக்கிறார். ஒரு வாரம் கீபோர்டைத் தொடாமல் அதைக் கேட்டுக் கூடவே பாடு என்று பையனை அனுப்பினேன். திரும்பி வந்தவன் வலது கையில் அந்தக் கறுப்புக் கட்டையை மட்டும் அழுத்திப் பிடித்துக்கொண்டு, "இடது கையை நீங்க வாசிங்க சார்" என்றான்.