அரசிதழில் வரும் 'சக' தேதி: எப்படிப் படிப்பது, எங்கே செல்லும்?

குற்றங்களுக்கான புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதா 2023 டிசம்பர் 25 அன்று இந்திய அரசிதழில் வெளியானது. அந்த இதழின் முகப்பைப் பார்த்தால், ஆங்கிலத் தேதிக்குப் பக்கத்திலேயே 'பௌஷம் 4, 1945 (சக)' என்று இன்னொரு தேதியும் இருக்கும். பலர் இதை ஏதோ பஞ்சாங்கக் குறிப்பு என்று நினைத்துத் தாண்டிப் போகிறார்கள். அது நம் நாட்டின் அதிகாரபூர்வ தேசிய நாட்காட்டியின் தேதி; 'சக' என்பது அதன் ஆண்டுக் கணக்கின் பெயர்.

இது 1957 மார்ச் 22 முதல் நடைமுறையில் இருக்கிறது. அன்றைய தேதி, சைத்ரம் 1, சக ஆண்டு 1879. மத்திய அரசின் அரசிதழ், ஆகாசவாணிச் செய்தி, அரசு வெளியிடும் காலண்டர்கள், பொதுமக்களுக்கு அரசு அனுப்பும் தகவல்கள் ஆகிய நான்கிலும் ஆங்கிலத் தேதியோடு இதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும் என்பது ஏற்பாடு.

இதை வகுத்தது 1952 நவம்பரில் அமைக்கப்பட்ட நாட்காட்டி சீர்திருத்தக் குழு. தலைவர், இயற்பியலாளர் மேகநாத் சாகா. அப்போது நாடு முழுவதும் ஏறக்குறைய முப்பது வகை நாட்காட்டிகள் புழக்கத்தில் இருந்தன. எண்ணிக்கை மட்டும் சிக்கல் இல்லை. சூரிய சித்தாந்தம் என்ற பழைய வானியல் நூலின் கணக்கில் ஓர் ஆண்டு 365.2588 நாள், பருவங்கள் ஒரு சுற்று வர ஆவதோ 365.2422 நாள். ஆண்டுக்குச் சுமார் 24 நிமிட வித்தியாசம்தான், ஆனால் 1,400 ஆண்டுகளில் அது 23 நாளாக வளர்ந்துவிட்டது. சூரியன் வடக்கே திரும்புவது டிசம்பர் 21, 22-ல். நாம் உத்தராயணம் என்று சொல்லும் தை முதல் நாள் ஜனவரி பாதியில் வருவதற்கு இந்த நழுவல்தான் காரணம். தேசிய நாட்காட்டியில் பௌஷம் 1 என்பது டிசம்பர் 22. வானத்தில் நடப்பதும் தாளில் இருப்பதும் ஒட்டி வருகின்றன. பொங்கல், தமிழ்ப் புத்தாண்டு போன்றவற்றின் தேதிகளை இந்த நாட்காட்டி தொடவில்லை. அவை அவரவர் பஞ்சாங்கப்படியே நடக்கின்றன.

சரி, தேதியை மாற்றுவது எப்படி? மார்ச் 22 முதல் டிசம்பர் 31 வரை ஆங்கில ஆண்டிலிருந்து 78-ஐக் கழிக்க வேண்டும். ஜனவரி 1 முதல் மார்ச் 21 வரை 79 (லீப் ஆண்டில் மட்டும் இந்த எல்லை ஒரு நாள் முன்னதாக வரும்). மாதங்கள் தொடங்கும் நாட்கள்: சைத்ரம் மார்ச் 22, வைசாகம் ஏப்ரல் 21, ஜேஷ்டம் மே 22, ஆஷாடம் ஜூன் 22, சிராவணம் ஜூலை 23, பாத்ரம் ஆகஸ்ட் 23, ஆஸ்வினம் செப்டம்பர் 23, கார்த்திகம் அக்டோபர் 23, அக்ரஹாயணம் நவம்பர் 22, பௌஷம் டிசம்பர் 22, மாகம் ஜனவரி 21, பால்குனம் பிப்ரவரி 20. இதன்படி சுதந்திரம் கிடைத்த 1947 ஆகஸ்ட் 15, சிராவணம் 24, 1869. குடியரசு தினம் எந்த ஆண்டிலும் மாகம் 6-தான். சைத்ரத்தை நம் சித்திரை என்று எடுத்துக்கொண்டால் மூன்று வாரத்துக்கு மேல் தவறிவிடும், கவனம்.

இரண்டாவது மாதம் முதல் ஆறாவது மாதம் வரை 31 நாள், மற்றவை 30. இதற்கும் வானம்தான் காரணம். ஜூலைத் தொடக்கத்தில் பூமி சூரியனிலிருந்து மிகத் தொலைவில் இருக்கிறது, மெதுவாக நகர்கிறது. நம் ஆனி மாதம் 32 நாள் வரை நீள்வதும் இதனால்தான். லீப் ஆண்டு ஏற்பாடு எனக்கு இன்னும் பிடிக்கும். சக ஆண்டோடு 78-ஐக் கூட்டினால் வருவது லீப் ஆண்டு என்றால், அந்தச் சைத்ரம் மட்டும் ஒரு நாள் முன்னதாக, மார்ச் 21-ல் தொடங்கி 31 நாள் ஓடும். சக 1946 அப்படித்தான் 2024 மார்ச் 21-ல் பிறந்தது. மற்றப் பதினொரு மாதங்களின் தொடக்கம் ஒருபோதும் அசைவதில்லை. 

அப்புறம், பலருக்கும் தெரியாத ஓர் உரிமை: காசோலை. இந்தியில் எழுதி, சக ஆண்டுத் தேதி இட்ட காசோலை செல்லுபடியாகும்; மற்ற விவரங்கள் சரியாக இருந்தால் வங்கிகள் ஏற்றுப் பணம் தர வேண்டும் என்று ரிசர்வ் வங்கி அறிவுறுத்தியிருக்கிறது. காலாவதி ஆகிவிட்டதா என்று பார்க்க, வங்கி அதை ஆங்கிலத் தேதிக்கு மாற்றிக் கணக்கிட்டுக்கொள்ளலாம். காசோலைக்கு ஆயுள் மூன்று மாதம். ஆஸ்வினம் 10, 1947 என்று இருந்தால் அது 2025 அக்டோபர் 2. கவுன்டரில் இருப்பவர் '1947' என்பதை மட்டும் பார்த்துப் பழைய காசோலை என்று திருப்பினால், இந்த அறிவுறுத்தலை எடுத்துக் காட்டலாம். ஆனால் அது பெயர் சொல்லிக் குறிப்பிடுவது இந்தியில் எழுதிய காசோலையைத்தான். தமிழில் எழுதுபவர்கள் ஆங்கிலத் தேதியையே போடுவது பாதுகாப்பு.

சட்டக் கெடுக்கள் விஷயத்தில் சக தேதியை நம்பி இருந்துவிடக் கூடாது. 1897-ஆம் ஆண்டின் பொது விதிகள் சட்டம், மத்தியச் சட்டங்களில் 'மாதம்', 'ஆண்டு' என்று வந்தால் அவற்றைப் பிரிட்டிஷ் நாட்காட்டிப்படியே, அதாவது ஆங்கிலத் தேதிப்படியே எண்ண வேண்டும் என்கிறது. வழக்குப் போடுவதற்கான கெடுவை வகுக்கும் 1963-ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டத்தின் 24-ஆம் பிரிவும், அந்தச் சட்டத்தின் நோக்கத்துக்கு எல்லா ஆவணங்களும் கிரிகோரியன் (ஆங்கில) நாட்காட்டிப்படி எழுதப்பட்டவையாகவே கொள்ளப்படும் என்கிறது. ஆகவே கடன் பத்திரத்திலோ ஒப்பந்தத்திலோ சக தேதி இருந்தாலும், வழக்குப் போடும் கெடுவை ஆங்கிலத் தேதிக்கு மாற்றித்தான் எண்ண வேண்டும்.