கோமாளி பயத்தைக் குறும்படமாக எடுப்பவர்களுக்கு

குறும்படம் எடுக்கும் இளைஞர்கள் சிலர் கதையோடு என் மனநல ஆலோசனை அறைக்கு வருவதுண்டு. கோமாளியைக் கண்டு நடுங்கும் ஒருவரின் கதை என்றால், பெரும்பாலும் கடைசியில் கோமாளி கையில் கத்தி இருக்கும். கத்தியோடு வருபவரைக் கண்டால் யாரும்தான் பயப்படுவார்கள். கூல்ரோஃபோபியா, அதாவது கோமாளிகளைக் கண்டாலே வரும் பயம், அதுவல்ல. எதிரில் நிற்பவர் சம்பளத்துக்கு வேஷம் கட்டிய சாதாரண மனிதர் என்று பயப்படுபவருக்கே தெரியும். தெரிந்தும் உடம்பு கேட்காது.

அதனால் கேமராவைப் பயப்படுபவர் பக்கம் திருப்புங்கள். என்னிடம் வந்த ஒரு பெண் (அடையாளங்களை மாற்றியே சொல்கிறேன்), பிறந்தநாள் அழைப்பு வந்தால் முதலில் மண்டபத்துக்குப் போன் போட்டு, "ஜோக்கர் வேஷத்துல யாராவது வருவாங்களா?" என்று கேட்பார். வருவார்கள் என்றால், மகனுக்குக் காய்ச்சல் என்று சொல்லிவிடுவார். மகனோ புதுச் சட்டையோடு பக்கத்திலேயே நிற்பான். இந்த ஒரு காட்சி போதும். இப்படி விலகிப் போகும்போது கிடைக்கும் நிம்மதிதான் பயத்துக்குத் தீனி.

மயங்கி விழும் காட்சி வேண்டாம். ஃபோபியாக்களில் மயக்கம் பெரும்பாலும் ரத்தம், ஊசி பயத்தில்தான் வரும். அதில் ரத்த அழுத்தம் சட்டென்று இறங்கும். இங்கே நெஞ்சு படபடக்கும், உள்ளங்கை வியர்க்கும், கண் வாசலைத் தேடும்.

அப்புறம், சிறுவயதில் கோமாளி துரத்திய ஃபிளாஷ்பேக். அதுவும் அவசியமில்லை. பிரிட்டனின் சவுத் வேல்ஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 64 நாடுகளைச் சேர்ந்த 987 பேரிடம் கேட்டு 2023-இல் வெளியிட்ட ஆய்வில், பாதிக்குச் சற்று மேற்பட்டோர் ஓரளவாவது பயம் உண்டு என்றார்கள். கடுமையான பயம் 5 சதவீதத்தினருக்கு. பயம் உள்ளவர்களிடம் காரணம் கேட்டபோது சொந்த அனுபவம் பின்னுக்குப் போனது. முகப்பூச்சு உண்மையான உணர்ச்சியை மறைத்துவிடுகிறது என்பதே முன்னால் நின்றது. சினிமாக்களும் காரணப் பட்டியலில் உண்டு. நம் படமும் அதில் சேரக்கூடும்.

எனக்கு மிகவும் கவலை தருவது, நண்பர்கள் பயப்படுபவரைக் கோமாளியோடு அறையில் பூட்டிப் பயத்தைப் 'போக்கும்' கிளைமாக்ஸ். தயவுசெய்து வேண்டாம். பார்க்கிறவர்கள் வீட்டில் செய்து பார்ப்பார்கள். சிகிச்சையிலும் பயத்தை எதிர்கொள்ளத்தான் வைக்கிறோம், ஆனால் அவர் சம்மதத்தோடு, படிப்படியாக: முதலில் புகைப்படம், பிறகு வீடியோ, பிறகு ஒருவர் முகத்தில் பூச்சு ஏறுவதை நேரில் பார்ப்பது. வெறும் முகம் கண்ணெதிரே கோமாளியாக மாறுவதைவிட நல்ல ஷாட் எது?

படம் முடிந்ததும், அரசின் மனநலத் தொலைபேசி உதவிச் சேவையான டெலி மானஸின் எண் 14416-ஐத் திரையில் போடுங்கள். அழைக்கக் கட்டணம் கிடையாது, தமிழிலேயே பேசலாம்.