அ கப்பெல்லா: தமிழில் என்ன சொல்லலாம்?

வாத்தியமே இல்லாமல் நாலைந்து பேர் குரலை மட்டும் நம்பிப் பாடுவதை 'அ கப்பெல்லா' என்கிறோம். இத்தாலியச் சொல். நேர்ப்பொருள் 'சிற்றாலய முறையில்' என்பதுதான். வாத்தியம் என்றோ இல்லை என்றோ அந்தச் சொல்லுக்குள் எதுவும் கிடையாது.

வேர் இன்னும் பழையது, அது ஒரு மேலங்கி. 4-ஆம் நூற்றாண்டில் ரோமப் படைவீரராக இருந்த மார்ட்டின், பின்னாளில் பிரான்சின் தூர் நகரத்து ஆயர், அதே நாட்டின் அமியான் நகர வாசலில் குளிரில் நடுங்கிய ஓர் ஏழைக்குத் தன் மேலங்கியைப் பாதியாக வெட்டிக் கொடுத்தார் என்பது மரபுக்கதை. லத்தீனில் மேலங்கி 'கப்பா', சிறிய மேலங்கி 'கப்பெல்லா'. மார்ட்டினிடம் மீந்த அந்த மேலங்கியை, பின்னாளில் அப்பகுதியை ஆண்ட பிராங்க் இன அரசர்கள் புனிதப் பொருளாகக் காத்துவந்தார்கள், அது இருந்த இடத்துக்கும் அதே பெயர் ஆனது, அப்புறம் எல்லாச் சிற்றாலயங்களுக்கும், கடைசியில் அங்கே பாடுகிற குழுவுக்கும் அந்தப் பெயரே நின்றுவிட்டது.

சரி, 'வாத்தியமில்லாமல்' என்ற பொருள் எப்படி வந்தது? வத்திக்கானில் உள்ள போப்பின் சிஸ்டைன் சிற்றாலயத்தில் ஆர்கன்கூட இல்லாமல் பாடுவதே முன்பு வழக்கமாக இருந்தது. 19-ஆம் நூற்றாண்டில் பாலஸ்திரீனா போன்ற 16-ஆம் நூற்றாண்டு இசையமைப்பாளர்களின் இசையை மறுபடி தேடிப் பாடியவர்கள், அந்த ஓர் இடத்து வழக்கத்தையே அக்காலம் முழுவதற்கும் பொதுவாக எடுத்துக்கொண்டார்கள். அது சரியில்லை. வெனிஸின் சான் மார்க்கோ ஆலயத்தில் குரல்களோடு கொர்னெட்டோ, டிராம்போன் என்ற ஊதுகருவிகளும் சேர்ந்தே ஒலித்தன. ஆகவே 'மறுமலர்ச்சிக் கால இசை என்றாலே அ கப்பெல்லா' என்று எழுதாதீர்கள். 1973-இல் தொடங்கிய டாலிஸ் ஸ்காலர்ஸ் என்ற ஆங்கிலேயப் பாடகர் குழு வாத்தியமில்லாமல் பாடுவதைக் கேட்டால் உருகிப்போவோம், ஆனால் அது அக்காலத்தில் இருந்த பல வழிகளில் ஒன்று.

தமிழுக்கு வருவோம். 'வாய்ப்பாட்டு' போதாது, வயலினும் மிருதங்கமும் கூட வந்தாலும் நமக்கு அது வாய்ப்பாட்டுதான். 'சேர்ந்திசை' பலர் சேர்ந்து பாடுவதைச் சொல்கிறது, வாத்தியத்தைப் பற்றிப் பேசுவதில்லை. 'ஆலய இசை' என்பது சொல்லுக்குச் சொல் பெயர்ப்பு, இன்றைய பொருளுக்கு ஒட்டாது.

எனக்குப் பிடித்தது 'மிடறு'. தொண்டை என்று பொருள், சிவனைக் கறைமிடற்றன் என்கிறோமே அந்த மிடறு. சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதை 'யாழும் குழலும் சீரும் மிடறும்' என்று அடுக்கும்போது, தொண்டையும் யாழுக்கும் குழலுக்கும் பக்கத்தில் சரிசமமாக வந்து உட்கார்ந்துவிடுகிறது. மிடறு ஒன்றே கருவியாக நிற்கும் இசைக்கு 'மிடற்றிசை' என்பதைவிடப் பொருத்தமாக என்ன இருக்கிறது? முதல் தடவை 'பக்கவாத்தியமில்லா மிடற்றிசை' என்று விரித்து எழுதிவிட்டு, அப்புறம் மிடற்றிசை, மிடற்றிசைக் குழு என்று சுருக்கலாம். 16-ஆம் நூற்றாண்டு ஆங்கிலேய இசையமைப்பாளர் தாமஸ் டாலிஸ், ஐந்து குரல் கொண்ட எட்டுக் குழுக்களுக்காக எழுதிய படைப்பை 'நாற்பது மிடற்றுப் பாடல்' என்று ஒருமுறை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள்.