கோர்ட் உத்தரவு வந்தும் அதிகாரி அசையவில்லையா? அவமதிப்பு மனு பற்றிக் கொஞ்சம்

உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அரசு அதிகாரிக்கு உத்தரவிடக் கேட்கும் மனு) போட்டு உத்தரவு வாங்கியாயிற்று. நீதிபதி கொடுத்த எட்டு வாரக் கெடுவும் ஓடிவிட்டது. அலுவலகத்தில் கோப்பு மட்டும் நகரவில்லை. இப்படிப்பட்ட நேரத்தில் போடுவதுதான் அவமதிப்பு மனு. 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டப்படி, உத்தரவை வேண்டுமென்றே மீறுவதும், நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவதும் உரிமையியல் அவமதிப்பு. அதிகாரிகள் மீது வருவது பெரும்பாலும் இந்த வகைதான். நீதிமன்றத்தை இழிவுபடுத்துவது போன்ற குற்றவியல் அவமதிப்புக்குக் கேட்பதுபோல இதற்கு அட்வகேட் ஜெனரலின் (மாநில அரசின் தலைமை வழக்கறிஞர்) ஒப்புதல் தேவையில்லை.

மனு போடும் முன் உத்தரவின் கடைசிப் பத்தியை நிதானமாகப் படியுங்கள். பலர் சறுக்குவது இங்கேதான். ‘மனுதாரருக்குப் பட்டா வழங்க வேண்டும்’ என்றிருந்தால் கொடுத்தே ஆக வேண்டும். ‘மனுதாரரின் கோரிக்கையைப் பரிசீலித்து, தகுதி அடிப்படையில், சட்டப்படி முடிவெடுக்க வேண்டும்’ என்றிருந்தால் கதை வேறு. அதிகாரி உங்கள் கோரிக்கையை நிராகரித்துக் கடிதம் அனுப்பினாலும் பொதுவாக உத்தரவு நிறைவேறியதாகவே எடுத்துக்கொள்வார்கள். அந்த நிராகரிப்பு தவறு என்றால் அதை எதிர்த்துப் புதிதாக வழக்குப் போட வேண்டும். 1996இல் ஜே.எஸ். பரிஹார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான். வயிறெரியத்தான் செய்யும், ஆனால் மூல உத்தரவில் இல்லாத எதையும் அவமதிப்பு மனுவில் வாங்க முடியாது.

அடுத்தது அத்தாட்சி. கெடுவை, பெரும்பாலும், உத்தரவு நகல் அதிகாரிக்குக் கிடைத்த நாளிலிருந்துதான் எண்ணுவார்கள். அதனால் சான்றிட்ட நகலை ஒப்புகையுடன் கூடிய தபாலில் அனுப்புங்கள், அல்லது நேரில் கொடுத்து முத்திரையோடு கையெழுத்து வாங்குங்கள். இதைச் செய்யாவிட்டால் ‘எங்களுக்கு உத்தரவே வரவில்லை’ என்ற ஒற்றை வரியில் மனு அடிபட்டுவிடும். கெடு முடிந்ததும் ஒரு வக்கீல் நோட்டீஸ் அனுப்பிப் பார்ப்பதும் நல்லதுதான். பல கோப்புகள் அந்த நோட்டீசிலேயே எழுந்து நடந்துவிடும்.

ஆனால் நினைவூட்டல் கடிதம் எழுதிக்கொண்டே காலத்தை ஓட்டிவிடாதீர்கள். அவமதிப்புச் சட்டத்தின் 20ஆவது பிரிவின்படி, மீறல் நடந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனு தாக்கல் ஆக வேண்டும். நீங்கள் எத்தனை கடிதம் எழுதினாலும் அந்த ஓராண்டு நீளாது.

மனுவில் பதவியை மட்டும் எழுதினால் போதாது, அதிகாரியின் பெயரும் வேண்டும். பொறுப்பு தனிப்பட்டது என்பதுதான் இந்த வழக்கின் பலமே. நோட்டீஸ் போனதும் துறை அவசரமாக மேல்முறையீடு செய்துவிட்டு, ‘அப்பீல் நிலுவையில் இருக்கிறது’ என்று சொல்வது வழக்கம். அப்பீல் போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது. தடை உத்தரவு வாங்கியிருக்கிறார்களா என்று கேளுங்கள்.

சரி, தண்டனை? அதிகபட்சம் 6 மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். மனமார்ந்த மன்னிப்பை ஏற்று விட்டுவிடவும் நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. நடைமுறையில், உத்தரவை நிறைவேற்றிவிட்டோம் என்று அரசு வழக்கறிஞர் அறிக்கை தந்ததும் பெரும்பாலான மனுக்கள் முடித்துவைக்கப்படும். சிறை அபூர்வம், ஆனால் நடந்திருக்கிறது: மகாராஷ்டிரத்தில் வனத்துறை அமைச்சராக இருந்த ஸ்வரூப் சிங் நாயக்கை 2006இல் உச்ச நீதிமன்றம் ஒரு மாதம் உள்ளே அனுப்பியது. அதிகாரியைக் கூண்டில் பார்த்தே தீர வேண்டும் என்று எதிர்பார்க்கவும் வேண்டாம். எடுத்ததற்கெல்லாம் அதிகாரிகளை நேரில் அழைக்கக் கூடாது, அழைத்தாலும் முதலில் காணொலி வழியைப் பார்க்க வேண்டும் என்று 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் நெறிமுறை வகுத்திருக்கிறது.

கீழமை உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பு என்றால் பொதுவாக முதல் வழி நிறைவேற்று மனுதான், அதாவது தீர்ப்பை நடைமுறைப்படுத்தித் தரும்படி கேட்கும் மனு. இன்னொன்று: தண்டிக்கப்பட்ட அதிகாரிக்கு 19ஆவது பிரிவில் அப்பீல் உண்டு. மனு தள்ளுபடியானால் உங்களுக்கு அந்தப் பிரிவில் அப்பீல் கிடையாது. உச்ச நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி மனுதான் (அப்பீல் செய்ய அனுமதி கேட்கும் மனு) போட வேண்டியிருக்கும்.