நாகரிகம்: ஒரு சொல்லுக்குள் இரண்டு பொருள்

‘மனித நாகரிகம் மெசபடோமியாவில் தோன்றியது’ என்று பாடநூலில் படித்திருப்போம். ‘கொஞ்சம் நாகரிகமாப் பேசுங்க’ என்று பேருந்தில் யாரோ யாரிடமோ சொல்லக் கேட்டிருப்போம். முதல் வாக்கியத்தில் அந்தச் சொல்லுக்கு நகரம், அரசு, எழுத்து, கோயில், வரி எல்லாம் சேர்ந்த ஒரு வாழ்க்கை அமைப்பு என்று பொருள். இரண்டாவதில், அடுத்தவர் மனம் நோகாமல் நடந்துகொள்வது. ஒரு சொல்லுக்கு இரண்டு பொருள் இருப்பதில் தவறு ஏதும் இல்லை. ஒன்றை எழுதும்போது இன்னொன்று சத்தமில்லாமல் உள்ளே வந்து உட்கார்ந்துகொள்வதுதான் சிக்கல். நகரம் கட்டாத, எழுத்து வைத்திருக்காத பழைய மக்களை ‘நாகரிகம் அடையாதவர்கள்’ என்று எழுதுகிறோமே, அப்போது அவர்கள் பண்பில்லாதவர்கள் என்றும் சேர்த்தே சொல்லிவிடுகிறோம். அதற்காகத்தான் இந்தச் சொல்லைக் கொஞ்சம் பொறுமையாகப் பிரித்துப் பார்க்க வேண்டும் என்கிறேன்.

முதலில் எழுத்து. ‘நாகரீகம்’ என்று நெடில் ‘ரீ’ போட்டுப் பலரும் எழுதுகிறார்கள், செய்தித்தாள்களிலும் வருகிறது. நற்றிணையிலும் திருக்குறளிலும் இருப்பது குறில். நாகரிகம் என்பதே சரி.

அடுத்து வேர். வடமொழி அகராதிகள் நகர, நாகர, நாகரிக என்று வரிசை காட்டும். நகரத்தைச் சேர்ந்தவன், நகரத்துக்கு உரியது என்று பொருள். அர்த்தசாஸ்திரத்தில் நாகரிகன் ஓர் அதிகாரியின் பெயர். நகரத்தின் மக்கள் தொகை, காவல், தீத்தடுப்பு எல்லாவற்றையும் கவனிப்பவன். காமசூத்திரத்தில் நாகரகன் என்பவன் குளித்து, மாலை சூடி, கிளிக்குப் பேச்சுப் பழக்கி, மாலையில் இசை கேட்கும் வசதியான நகரவாசி. ஆக அங்கே இந்தச் சொல் ஒருபக்கம் நிர்வாகத்தையும் மறுபக்கம் நாசூக்கையும் தொட்டுக்கொண்டு நிற்கிறது.

தேவநேயப் பாவாணர் இதை ஏற்கமாட்டார். நகர் என்பதே தமிழ்ச்சொல், அதிலிருந்தே நாகரிகம் பிறந்தது என்பது அவர் கட்சி. சங்கப் பாடல்களில் ‘நகர்’ தாராளமாக வருகிறது. ஆனால் அங்கே பல இடங்களில் அதன் பொருள் பெரிய வீடு, மாளிகை, கோயில். ‘நெடுநகர்’ என்றால் உயர்ந்த மாளிகை. வேர் எந்த மொழிக்கு உரியது என்பதில் இரண்டு தரப்பும் மோதிக்கொண்டாலும், நகர் என்ற அடியிலிருந்து வந்த சொல் என்பதில் இருவருக்கும் வேறுபாடு இல்லை. நமக்கு இங்கே அது போதும்.

இனிதான் எனக்கு மிகவும் பிடித்த பகுதி. நகரத்திலிருந்து வந்த இந்தச் சொல்லைப் பழந்தமிழ் எதற்குப் பயன்படுத்தியது என்று பாருங்கள். நற்றிணையின் 355ஆம் பாட்டு:

‘முந்தை இருந்து நட்டோர் கொடுப்பின்
நஞ்சும் உண்பர் நனி நாகரிகர்.’

தலைவனிடம் தோழி சொல்கிறாள். நெடுநாள் பழகிய நண்பர்கள் கண்முன்னே நஞ்சைக் கொடுத்தாலும், மிகுந்த நாகரிகம் உடையவர்கள் அதை வாங்கி உண்பார்கள். அப்படியிருக்க, உன்னை விட்டால் வேறு துணை இல்லாத என் தோழிக்கு நீ இரங்கக் கூடாதா என்பது அவள் கேள்வி. அந்த இடத்தில் அவள் பயன்படுத்தும் சொல் ‘கண் ஓடி’, இரங்கி என்று பொருள். வள்ளுவரும் இதே கருத்தைக் கண்ணோட்டம் என்ற அதிகாரத்தில்தான் வைக்கிறார், 580ஆம் குறளாக:

‘பெயக்கண்டும் நஞ்சுண் டமைவர் நயத்தக்க
நாகரிகம் வேண்டு பவர்.’

இங்கே கோட்டை இல்லை, கால்வாய் இல்லை, எழுத்து இல்லை. இன்னொருவர் முகத்தைப் பார்த்து இரங்குகிற மனம், அதற்கு ‘நயத்தக்க’ என்ற அடைமொழி. அதாவது நாகரிகம் என்பது ஒரு மனிதன் இன்னொரு மனிதனிடம் காட்டும் குணம். ஒரு காலம், ஒரு நாடு, ஒரு கட்டடம் நாகரிகம் அடைந்தது என்று சொல்லும் வழக்கம் அந்த நூல்களில் கிடையாது.

அந்த வழக்கம் ஐரோப்பாவிலிருந்து வந்தது. அங்கேயும் அது அவ்வளவு பழைய சங்கதி இல்லை. லத்தீனில் ‘சிவிஸ்’ என்றால் குடிமகன், ‘சிவிட்டாஸ்’ என்றால் குடிமக்கள் கூட்டம். அதிலிருந்து ‘சிவிலிசேஷன்’ என்ற சொல்லை இன்றைய பொருளுக்குப் பக்கத்தில் அச்சில் கொண்டுவந்தவர் பிரான்சின் மார்க்கி மிராபோ, 1750களில். ஆங்கிலத்தில் ஸ்காட்லாந்து அறிஞர் ஆடம் ஃபெர்குசன் 1767இல் பயன்படுத்தினார். 1772 மார்ச்சில் சாமுவேல் ஜான்சன் தன் அகராதியின் நான்காம் பதிப்பைத் திருத்திக்கொண்டிருந்தபோது அவரைப் பார்க்கப் போன நண்பர் பாஸ்வெல், இந்தப் புதுச்சொல்லையும் சேர்க்கச் சொல்லி வாதாடினார். ஜான்சன் மறுத்துவிட்டார். ‘சிவிலிட்டி’ போதும் என்றார். நன்னடத்தை, இணக்கம் என்று பொருள்படும் பழைய சொல் அது. கிட்டத்தட்ட நம் குறளில் இருக்கும் நாகரிகம். அகராதிக்காரர் அந்தப் பொருளைத்தான் காப்பாற்றப் பார்த்தார். நடக்கவில்லை, புதுச்சொல் வென்றது.

மற்ற மொழிகள் இதற்கு எங்கிருந்து சொல் எடுத்தன என்று பார்த்தால் ஒவ்வொன்றும் ஒரு கதை சொல்கிறது. அரபியில் ‘மதனிய்யா’, நகரத்தைக் குறிக்கும் மதீனாவிலிருந்து. ‘ஹதாரா’ என்றும் உண்டு. அது ஓரிடத்தில் நிலைகொண்டு வாழ்வது, பாலைவன நாடோடி வாழ்வுக்கு எதிர்ப்பதம். இந்தியில் ‘சப்யதா’, சபையில் அமரத் தக்கவனின் தன்மை. சீனத்தில் ‘வென்மிங்’, அதில் ‘வென்’ என்பது எழுத்தையும் குறிக்கும். தமிழ் நகரத்தை எடுத்துக்கொண்டது.

அந்தப் புதிய பொருளோடு ஓர் ஏணியும் வந்தது. அமெரிக்க மானிடவியலாளர் லூயிஸ் ஹென்றி மார்கன் 1877இல் மனித இனத்தைக் காட்டு நிலை, அநாகரிக நிலை, நாகரிக நிலை என்று மூன்று படியில் ஏற்றினார். கடைசிப் படிக்கு அடையாளம் எழுத்து. பின்னால் வந்த தொல்லியலாளர் கார்டன் சைல்ட் ‘நகரப் புரட்சி’ என்ற கருத்தை முன்வைத்தார். 1950இல் எழுதிய கட்டுரையில் முதல் நகரங்களை அடையாளம் காணப் பத்து அம்சங்களைக் குறித்தார். மக்கள் பெருகி வாழும் பெரிய குடியிருப்பு, உழவு செய்யாமல் கைத்தொழிலை முழுநேரமாகப் பார்ப்பவர்கள், உபரியைத் திரட்டும் வரி, பெரிய பொதுக் கட்டடங்கள், ஆளும் வகுப்பு, எழுத்து, தொலைதூர வணிகம் என்று போகும் அந்தப் பட்டியல்.

இந்தப் பட்டியலுக்கு அச்சாகப் பொருந்தும் ஊர் உருக். இன்றைய தெற்கு இராக்கில், யூப்ரடீஸ் ஆற்றின் பழைய போக்கின் கரையில் இருந்தது. அங்கே கி.மு. 3300 வாக்கில் தொடங்கி எழுதப்பட்ட களிமண் பலகைகள் ஏறத்தாழ 5,000 கிடைத்திருக்கின்றன. பெரும்பாலானவை கணக்கு. இவ்வளவு பார்லி வந்தது, இத்தனை ஆடு போனது, இன்னாருக்கு இவ்வளவு உணவுப்படி. மனிதன் எழுதத் தொடங்கியபோது முதலில் எழுதியது படிக்கணக்கு என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்குச் சிலிர்க்கும். விளிம்பு சாய்ந்த, அவசரமாகச் செய்யப்பட்ட ஒரு சாதாரண மண்கிண்ணம் அந்தக் காலத்து ஊர்களில் குவியல் குவியலாகக் கிடைக்கிறது. வேலையாட்களுக்கு உணவு அளந்து கொடுத்த கிண்ணம் என்று பல ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். ஒரு மனிதத் தலை, அதன் வாயருகே அந்தக் கிண்ணம்: இதுதான் ‘உண்’, ‘உணவுப்படி’ என்பதற்கு அவர்கள் வரைந்த குறி. நகரம் வந்தது என்றால், தன் சோற்றைத் தான் விளைவிக்காத, யாரோ அளந்துபோடும் சோற்றை உண்ணும் கூட்டமும் வந்தது என்று பொருள்.

சுமேரியர்களிடமே இதற்கு ஒரு சொல் இருந்தது. ‘மே’. அரசுரிமை, தச்சு, கொல்லர் வேலை, தோல்வேலை, எழுத்தர் தொழில், இசை, நீதி என்று கூட்டு வாழ்வின் ஒவ்வொரு கூறும் ஒரு மே. எரிது என்ற ஊரில் என்கி என்ற தெய்வம் அவற்றை வைத்திருந்தது. இனன்னா என்ற பெண்தெய்வம் போய், விருந்தில் மது மயக்கத்தில் இருந்த என்கியிடமிருந்து ஒவ்வொன்றாக வாங்கிப் படகில் ஏற்றி உருக்குக்குக் கொண்டுவந்துவிட்டாள் என்பது கதை. நூறுக்கும் மேற்பட்ட அந்தப் பட்டியலில் நேர்மையும் இருக்கிறது, வஞ்சகமும் இருக்கிறது. ஒப்பாரி இருக்கிறது. நகரங்களைச் சூறையாடுவதும் இருக்கிறது. நகர வாழ்வு எதையெல்லாம் சேர்த்துக் கொண்டுவரும் என்று அவர்கள் நம்மைவிடத் தெளிவாகவே பார்த்திருக்கிறார்கள். ‘மே’ என்பதை அப்படியே நாகரிகம் என்று பெயர்த்தால், வள்ளுவரின் நாகரிகத்துக்குள் சூறையாடலைத் திணிப்பதாகிவிடும்.

சரி, ஏணியின் கீழ்ப்படியில் நிறுத்தப்பட்டவர்கள்? துருக்கியின் தென்கிழக்கில் உள்ள கோபெக்லி தெபேயில் 1995 முதல் கிளாஸ் ஷ்மித் தலைமையில் தோண்டினார்கள். கி.மு. 9500 வாக்கிலேயே தொடங்கிய ஊர் அது. நரி, பாம்பு, பறவை, தேள் உருவங்கள் செதுக்கிய ‘டி’ வடிவக் கல்தூண்கள்; மிகப் பெரியவை ஐந்து மீட்டரைத் தாண்டும். கட்டியவர்கள் வேட்டையாடியும் காட்டுத் தானியம் சேர்த்தும் வாழ்ந்தவர்கள். பழக்கிய ஆடுமாடு இல்லை, பயிர் இல்லை, பானையும் இல்லை. அதே துருக்கியில் சதால்ஹூயுக், கி.மு. 7000 வாக்கில் ஆயிரக்கணக்கானோர் வாழ்ந்த ஊர். தெருவே கிடையாது. வீடுகள் ஒன்றோடொன்று ஒட்டி நிற்க, கூரை வழியாக ஏணி வைத்து உள்ளே இறங்கினார்கள். இறந்தவர்களைத் தங்கள் வீட்டுத் தரைக்கு அடியிலேயே புதைத்தார்கள். அரண்மனை என்று சொல்லத்தக்க எதுவும் அங்கே கிடைக்கவில்லை. பெருவில் சூப்பே பள்ளத்தாக்கில் உள்ள கரால், கி.மு. 2600 வாக்கில் பெரிய மேடைக் கோயில்கள் எழுப்பியது. அங்கே எழுத்து இல்லை, பானை கூட இல்லை. பறவை எலும்பில் செய்த புல்லாங்குழல்கள் கிடைத்தன. இன்கா பேரரசு கயிற்று முடிச்சுகளிலேயே கணக்கு வைத்துக்கொண்டு ஆண்டது. எழுத்தை எல்லைக்கோடாக வைத்த மார்கனின் அளவுகோல் இங்கெல்லாம் உடைகிறது. சிந்துவெளியோ இன்னொரு வகை. 1:2:4 என்ற ஒரே விகிதத்தில் செங்கல், ஒரே சீரான எடைக்கற்கள், வீட்டுக்கு வீடு கழிவுநீர் வாய்க்கால், வாசிக்கப்படாத எழுத்து. ஆனால் இதுதான் அரசன் வீடு என்று அடித்துச் சொல்ல ஒரு கட்டடம் இல்லை.

அப்படியானால் கோபெக்லி தெபே மக்களைப் பற்றி எழுத நம்மிடம் என்ன சொல் இருக்கிறது? இருக்கிறது. பண்பாடு.

கேட்டால் பழஞ்சொல் போல ஒலிக்கும். ஆனால் ‘கல்ச்சர்’ என்பதற்கு ஈடாக 1937 வாக்கில் டி.கே.சிதம்பரநாத முதலியார் வழக்கில் கொண்டுவந்தது என்று வையாபுரிப்பிள்ளை குறித்திருக்கிறார். வேறுபடு, வேறுபாடு, மேம்படு, மேம்பாடு, அதே தடத்தில் பண்படு, பண்பாடு. ‘பண்பெனப் படுவது பாடறிந்து ஒழுகுதல்’ என்ற கலித்தொகை வரியிலிருந்து வந்ததாகவும் சொல்வார்கள். அங்கே பண்பு வேறு, பாடு வேறு. இரண்டையும் ஒட்ட வைத்து இலக்கணம் சொல்ல வேண்டியதில்லை. அந்த வரி தரும் துணை போதும். பண்படு என்பதை நாம் எதற்கெல்லாம் சொல்கிறோம்? உழுது, கட்டி உடைத்து, எருவிட்ட நிலத்தைப் பண்பட்ட நிலம் என்கிறோம்; முதிர்ந்த மனத்தைப் பண்பட்ட மனம் என்கிறோம். லத்தீனிலும் இதே கதைதான். ‘கொலெரே’ என்றால் பயிரிடுதல். அதிலிருந்து பிறந்த ‘குல்துரா’வை மனத்துக்கு ஏற்றி, தத்துவமே மனத்தின் உழவு என்றார் ரோமானியச் சிந்தனையாளர் சிசரோ. இரண்டு மொழியும் ஒரே வயலில் நின்று சொல் எடுத்திருக்கின்றன. இதைவிடப் பொருத்தமான மொழிபெயர்ப்பு தமிழில் குறைவு என்பேன்.

கலாசாரம் என்ற சொல்லும் புழங்குகிறது. கலா, ஆசாரம் சேர்ந்தது. ஆகவே ‘கலாச்சாரம்’ என்று ‘ச்’ போடத் தேவையில்லை. இலங்கைத் தமிழர்கள் இதைச் சரியாகவே எழுதுகிறார்கள். ஆனாலும் கலையும் ஆசாரமும் சேர்ந்தால் அடுப்பும் விதையும் பிணம் புதைக்கும் முறையும் அதில் அடங்காது. எனக்குப் பண்பாடே போதும். தொல்லியலாளர்களும் ஒரே வகைப் பானை, ஒரே வகைக் கருவி, ஒரே வகை ஈமமுறை சேர்ந்து கிடைக்கும் தொகுதியை ஒரு பண்பாடு என்றே அழைக்கிறார்கள். அதற்கு நகரம் வேண்டாம், எழுத்து வேண்டாம்.

இனி எழுதும் முறை. நகரம் தோன்றுவதற்கு முன்பிருந்த மக்களைப் பற்றிப் பேசினால் பண்பாடு என்றே எழுதலாம்: கோபெக்லி தெபே பண்பாடு, தென்னிந்தியப் புதிய கற்காலப் பண்பாடு. ‘நாகரிகமற்ற’, ‘நாகரிகமடையாத’ என்ற அடைகளை அவர்களுக்குப் போடவே வேண்டாம். ‘நகரம் தோன்றாத காலத்து’, ‘எழுத்துக்கு முந்திய’ என்று உள்ளதை உள்ளபடி சொல்லலாம். நகரம் வந்த பிறகு, உருக் போல, மொகஞ்சதாரோ போல என்றால், ‘நகர நாகரிகம்’. நாகரிகத்துக்குள்ளேயே நகர் இருக்கும்போது எதற்கு இன்னொரு நகரம், கூறியது கூறல் ஆகாதா என்று ஒருவர் கேட்கலாம். தமிழ்நாட்டுத் தொல்லியல் துறை 2019இல் கீழடி பற்றி வெளியிட்ட நூலும் ‘சங்ககால நகர நாகரிகம்’ என்றுதான் தலைப்பிட்டுக்கொண்டது. இரண்டு பொருளையும் பிரித்துக் காட்ட அந்த முன்னொட்டு வேண்டும். வைகைக் கரையில் செங்கல் அடுக்கியதும் உறைகிணறு இறக்கியதும் பானையில் பெயர் கீறியதும் நகர நாகரிகம். அதே சங்க காலத்தில், நண்பன் தந்தால் நஞ்சையும் உண்பார்கள் என்று ஒரு தோழி சொன்னாளே, அதற்கு அடைமொழி எதுவும் இல்லாமல் நாகரிகம் என்று மட்டும் பெயர்.