கர்ணன் கவசத்தில் பச்சைக் கறை

2013 செப்டம்பர் 16-ல் ஸ்டார் பிளஸில் 'மகாபாரதம்' தொடங்கியபோது ஊரெல்லாம் பேசியது செலவைப் பற்றித்தான். 100 கோடி ரூபாய் என்றார்கள். சித்தார்த் குமார் திவாரியின் ஸ்வஸ்திக் நிறுவனம் எடுத்த 267 அத்தியாயங்கள். தமிழில் விஜய் டிவியில் பார்த்தோம். இதுபோன்ற தொடர்களில் தரையும் நாலைந்து தூண்களும்தான் நிஜம். கோட்டையும் கோபுரமும் கணினியில் பிறப்பவை.

நடிகருக்குப் பின்னால் பச்சைத் துணி கட்டிப் படம்பிடிப்பார்கள். மென்பொருள் படத்தின் ஒவ்வொரு பிக்சலிலும் (புள்ளியிலும்) சிவப்பு, பச்சை, நீலம் மூன்றையும் அளக்கும். பச்சை மட்டும் தூக்கலாக இருந்தால் அது துணி; அழித்துவிட்டு அங்கே அரண்மனையை வைக்கும். மனிதத் தோலில் பச்சை தூக்கலாக இருக்காது என்பதால் முகம் தப்பிக்கும். இன்னொரு வசதியும் உண்டு: பெரும்பாலான கேமரா சென்சார்களில் நான்கு புள்ளிகளில் இரண்டு பச்சைக்கானவை. அதனால் பச்சையில்தான் இரைச்சல் (படத்தில் தெரியும் புள்ளிப்புள்ளியான கலங்கல்) குறைவு, விளிம்பும் சுத்தமாக வெட்டுப்படும்.

கோட் சூட் போட்டவருக்கு இது போதும். புராணத் தொடரில் நிற்பவரோ தலை முதல் கால் வரை பளபளப்பவர். கர்ணனின் கவசம் சுற்றியுள்ள பச்சையையெல்லாம் கண்ணாடிபோல் வாங்கிக்கொள்ளும். அந்தக் கறையை நீக்க எளிய விதி ஒன்று இருக்கிறது: எந்தப் பிக்சலிலும் பச்சை, மற்ற இரண்டின் சராசரியைத் தாண்டக் கூடாது. இதைத் தங்கத்தில் போட்டுப் பாருங்கள். தங்க நிறம் ஏறக்குறைய சிவப்பு 212, பச்சை 175, நீலம் 55. சராசரி 133தான். பச்சையை அதுவரை வெட்டினால் கறை போகும், கூடவே தங்கமும் போய்ச் செம்பாகிவிடும்! அதனால் நகைகளுக்கு மட்டும் விதியைத் தளர்த்துவார்கள்: பச்சை, மற்ற இரண்டில் பெரியதைத் தாண்டாதவரை விட்டுவிடலாம். தங்கம் பிழைக்கும், கொஞ்சம் கறையும் பிழைக்கும். துணியைப் பத்தடி தள்ளிக் கட்டினால் அந்தக் கறையும் குறையும்.

கிருஷ்ணரின் மயிற்பீலிதான் பெரிய தலைவலி. பச்சைத் திரை வைத்தால் பீலியில் ஓட்டை விழும். நீலத்துக்கு மாறினால் பீலியின் கண் காணாமல் போகும். தப்ப வழி, பீலியைச் சுற்றிக் கோடு வரைந்து 'இதைத் தொடாதே' என்று மென்பொருளுக்குச் சொல்வது. அவர் தலையை அசைத்தால் கோட்டையும் நகர்த்த வேண்டும். நொடிக்கு 25 பிரேம், அதாவது 25 தனிப்படங்கள். ஒரு நிமிட உபதேசத்துக்கு 1,500. அவருக்குப் பின்னால் துணிக்குப் பதில் ஒரு நிஜச் சுவரை எழுப்பிவிட்டால் இந்த வேலையே கிடையாது.